என் பெயர் வரும் படம்

11 ஜனவரி 2010, திங்கள்

இன்று முதல் வீட்டுக்கு வெளியே முணுமுணுப்பதில்லை என்று முடிவெடுத்தேன். மஞ்சக்குப்பத்தில் இதற்கு முன் எந்த இசையமைப்பாளரும் இப்படி ஒரு முடிவை எடுத்ததாகத் தகவல் இல்லை. மஞ்சக்குப்பத்தில் இதற்கு முன் எந்த இசையமைப்பாளரும் இருந்ததாகவும் தகவல் இல்லை. பால் வாங்கப் போய்த் திரும்பும்வரை வாயை இறுக்கி மூடியிருந்தேன். பால்காரர், "சாருக்குப் பல்லு வலியா?" என்றார். ஆமாம் என்றேன். நல்ல பழக்கம் ஒன்று பொய்யோடு தொடங்கியது.

காரணம் இருக்கிறது. செம்பியன் படத்துக்கான முக்கிய இசை நேற்று அமைந்துவிட்டது. சாருகேசி ராகத்தில் ஒரே ஒரு வரி, புல்லாங்குழலில். படம் முழுக்க அதுதான் திரும்பத் திரும்ப வரப்போகிறது.

சென்னையில் எல்லோரும் "அண்ணன்" என்று சொல்லும் பெரிய இசையமைப்பாளர் ஒருவருக்குப் பதினைந்து வருடமாகப் பின்னணி இசை போட்டுக் கொடுக்கிறேன். பாட்டெல்லாம் அவர். இரண்டு பாட்டுக்கு நடுவில் கதாநாயகி அழுவது, வில்லன் கார் வருவது, ஊரே ஒரு சாவுக்குக் கூடுவது எல்லாம் நான். மனைவி மங்கலத்துக்குக் கருவூலத்தில் வேலை கிடைத்துக் கடலூருக்கு வந்த பிறகும் ரீல்கள் இங்கே வரும், இசை அங்கே போகும், பெயர் அவருடையதாக இருக்கும். ஒரு முறை தியேட்டரில் பக்கத்து இருக்கைக்காரர் என் இசைக்கு அழுதுவிட்டு, "அண்ணன் அண்ணன்தான்" என்றார். நானும் ஆமோதித்தேன்.

இப்போது சிதம்பரத்துக்காரர் செம்பியன், "ஆலைச் சங்கு" என்று முதல் படம் எடுக்கிறார். பாட்டே கிடையாது, பின்னணி இசை மட்டும். "மியூசிக் நீங்கதான் சார். பேரும் உங்களுதுதான்" என்றார். நாற்பத்தேழு வயதில் நடனசபாபதி என்ற பெயர் திரையில் வரப்போகிறது. அதுவரை அந்த வரி யார் காதிலும் விழக்கூடாது.

13 ஜனவரி

கீபோர்டு வாசிக்க லூர்துசாமி வந்தான். முதுநகரிலிருந்து டிவிஎஸ் ஃபிஃப்டியில் வருவான். ஞாயிறு காலை மாதா கோயிலில் வாசிப்பான், மற்ற நாளெல்லாம் என் பின்னறையில். அண்ணனுக்கு நான் போட்டதையெல்லாம் வாசித்தவன் இவன்தான். இவன் பெயரும் எங்கும் வந்ததில்லை. என்னை மாமா என்பான். எங்களுக்குள் உறவு எதுவும் கிடையாது. கடலூரில் மாமாவாக உறவு தேவையில்லை.

வரியை வாசித்து முடித்ததும் கையை எடுக்காமல் உட்கார்ந்திருந்தான். "மாமா, இது எங்கியோ கேட்ட மாதிரி இருக்கே."

"நல்லதெல்லாம் அப்படித்தான் இருக்கும்."

"இல்ல மாமா, நெசமா."

மறுபடி வாசிக்கச் சொன்னேன்; வாசித்தான். ஆனால் அவன் முகத்தில் ஒரு யோசனை இருந்தது. கீபோர்டு வாசிப்பவனுக்கு யோசனை எதற்கு?

18 ஜனவரி

ஆற்றுத் திருவிழா. பெண்ணையாற்று மணலில் மாவட்டமே வந்து நின்று, சாமிகளைப் பார்த்தது பாதி, மிளகாய் பஜ்ஜி தின்றது பாதி. ராட்டினத்துக்குப் பின்னால் லூர்து போனில் பேசிக்கொண்டிருந்தான். எங்களைக் கண்டதும் பேச்சை முடித்துவிட்டுச் சிரித்தான்.

"எவ்ளோ நல்ல புள்ள" என்றாள் மங்கலம்.

அவள் வேலையில் பில்லில் கையெழுத்து ஒத்துப்போனால் போதும், ஆள் நல்லவன். எனக்கு அந்த வசதி இல்லை. மாதா கோயில் ஆள் ஆற்றுத் திருவிழாவில் என்ன பேசினான், யாரோடு?

9 பிப்ரவரி, செவ்வாய்

கை நடுங்குகிறது என்று எழுதலாம். ஆனால் எழுத்து நேராகத்தான் இருக்கிறது.

சாப்பிடும்போது மங்கலம் டிவி போட்டாள். நேற்றுத் தொடங்கிய ஒரு சீரியல். எழுத்துப் போடும்போது புல்லாங்குழல். சாருகேசி. என் வரி. கடைசி வளைவுகூட மாறவில்லை.

"உங்க ட்யூனு மாதிரியே இருக்கு, இல்லிங்க?" என்றாள், ரசத்தை ஊற்றிக்கொண்டே.

"என் ட்யூன் உனக்கு எப்படித் தெரியும்?"

"செவுத்துக்கு இந்தப் பக்கம் ஒரு மாசமா கேக்குறேன், தெரியாமப் போவுமா? எங்க சூப்பரண்டுக்கே தெரியும்."

"சூப்பரண்டுக்கா?"

"பில்லு பாக்கும்போது வாயில தானா வருது. என்னா ராகம்மா இதுன்னு கேட்டாரு. அதுக்கு ஏன் இப்பிடி முழிக்கிறீங்க?"

நான் வாயை மூடிக்கொண்டிருந்த ஒரு மாதமும் என் மனைவி அரசு அலுவலகத்தில், அரசு நேரத்தில், முணுமுணுத்திருக்கிறாள்.

12 பிப்ரவரி

சூப்பரண்டைச் சந்தேகத்திலிருந்து விடுவித்துவிட்டேன். அவருக்கு ஓய்வுபெற நான்கு மாதம் இருக்கிறது. இந்த நிலையில் யாரும் புதிதாக எதையும் தொடங்குவதில்லை.

மூன்று நாள் சீரியல் பார்த்தேன். இசை என்ற இடத்தில் ஏதோ "க்ரியேஷன்ஸ்" என்று ஒரு கம்பெனியின் பெயர் ஓடுகிறது. ஆள் பெயர் இல்லை. பெயர் போடாமல் இசை போடுபவர்களைப் பற்றி எனக்குக் கொஞ்சம் தெரியும். யாரோ எங்கிருந்தோ எடுத்துக் கொடுத்திருக்கிறார்கள்.

வரி யார் யாரிடம் இருக்கிறது? லூர்துவிடம். செம்பியனிடம். தயாரிப்பாளர் தில்லைநாதனிடம். இவர் சிதம்பரத்தில் அரிசி மண்டி வைத்திருக்கிறார். போனில் ரிங்டோனாக வைக்க வேண்டும் என்று கேட்டு வாங்கினார். அரிசி மண்டிக்காரர் சாருகேசி கேட்டபோதே நான் விழித்திருக்க வேண்டும்.

15 பிப்ரவரி

பொறி வைத்துவிட்டேன்.

"திருத்திய வடிவம்" என்று சொல்லி மூவருக்கும் தனித்தனி சிடி. உண்மையான வரி பஞ்சமத்தில் வந்து உட்காரும். லூர்து வீட்டில் பழகக் கொடுத்த சிடியில் அது மத்யமத்திலேயே நின்றுவிடும். செம்பியனுடையதில் ஒரு சுரம் மேலே ஏறி, தைவதத்தில். தில்லைநாதனுடையதில் சுரமெல்லாம் சரி, தாளத்தில் ஒரு எண்ணிக்கை குறைவு, எட்டுக்கு ஏழு. இனி எந்த வடிவம் வெளியே தலைகாட்டுகிறதோ, அந்த ஆள் அகப்பட்டான். இதைவிடக் குறைந்த மூளையைக் கொண்டு நாடுகளைக் காப்பாற்றியிருக்கிறார்கள்.

16 பிப்ரவரி

லூர்து புதுச் செருப்பு போட்டு வந்தான். குறித்துக்கொள்கிறேன்.

22 பிப்ரவரி

இரண்டு மணி நேரம் கரண்ட் இல்லை. இருட்டறையில் எதிரெதிரே உட்கார்ந்திருந்தோம்.

"மாமா, புதுசுல முடிவு மத்யமத்துல தொங்குதே. முன்ன பஞ்சமந்தான இருந்துச்சி?"

"திருத்தினேன்."

"கெடுத்துட்டீங்க."

சொன்னதில் தவறில்லை. அதுதான் இடிக்கிறது. தன் சிடியில் குறை என்று அவனுக்கே தோன்றியதா, வாங்கியவன் யாராவது குறை சொன்னானா?

6 மார்ச்

ஆலைகள் இருக்கும் குடிகாட்டில் கடைசி நாள் படப்பிடிப்பு. நானும் லூர்துவும் போயிருந்தோம். ஆலை வேலையிலிருந்து நின்ற பிறகும் சங்கு ஊதும் நேரத்துக்கு எழுந்து, குளித்து, சட்டை போட்டு, வாசலில் நிற்கிற ஒருவனின் கதை. நடிகர் ஒவ்வொரு முறையும் வெயிலில் போய் வாசலில் நின்றார். அந்தக் காட்சிக்கு எனக்குள் வரி ஓடியது. வாயை மூடிக்கொண்டேன்.

தண்ணீர் டிரம்முக்குப் பின்னால் முகம் கழுவிக்கொண்டிருந்தேன். அந்தப் பக்கம் லூர்துவும் செம்பியனும்.

"மாமாவுக்குத் தெரிய வேணாம் சார். தெரிஞ்சா வேணாம்பாரு."

"நான் தில்லைநாதன் சார்கிட்ட பேசிட்டேன் லூர்து. மொதல்ல மொறைச்சாரு, அப்பறம் சரின்னுட்டாரு."

"அது போதும் சார். வேற யாருக்கும் வேணாம்."

ஆக, மூன்று பேரில் ஒருவன் என்று நான் நினைத்தது தவறு. மூன்று பேரும்.

திரும்பும்போது பஸ்ஸில் லூர்து வேர்க்கடலை வாங்கிக் கொடுத்தான். வாங்கித் தின்றேன். சந்தேகம் வேறு, கடலை வேறு.

2 ஏப்ரல்

எல்லா ரீலுக்கும் இசை முடிந்தது. நன்றாக வந்திருக்கிறது என்பதை இங்கே மட்டும் எழுதிக்கொள்கிறேன். செம்பியன் வந்து பெட்டியோடு எடுத்துப் போனார். "சார், உங்க மியூசிக்க வெச்சித்தான் நான் சீனையே வெட்டிருக்கேன்" என்றார். ஆள் இவ்வளவு அன்பாகப் பேசும்போது பையைச் சரிபார்க்கத் தோன்றுகிறது.

18 ஏப்ரல், ஞாயிறு

சிதம்பரம். மண்டிக்கு மேலே தில்லைநாதன் வீட்டில் படம் போட்டுப் பார்த்தோம். நான், மங்கலம், லூர்து, செம்பியன், தில்லைநாதன். அவர் வீட்டம்மா முறுக்கு வைத்தார்.

முதல் ரீல் நன்றாக இருந்தது. இரண்டாவதில் வரி மத்யமத்தில் தொங்கியது. நான்காவதில் தைவதத்துக்கு ஏறிப்போய்த் திரும்பவில்லை. ஆறாவதில், கதாநாயகன் வாசலுக்கு நடந்து வருகிற உச்சக் காட்சியில், எட்டுக்கு ஏழு. அவன் ஒரு அடி எடுத்து வைக்குமுன் இசை அங்கே போய் நின்றுகொண்டது.

அவசரத்தில் ஆளாளுக்குக் கையிலிருந்த சிடியைக் கொடுத்திருக்கிறார்கள். எல்லாவற்றிலும் "திருத்திய வடிவம்" என்று என் கையெழுத்தில் எழுதியிருந்ததால் எடிட்டரும் அதுதான் கடைசி வடிவம் என்று நம்பி ஒட்டியிருக்கிறார்.

விளக்கைப் போட்டார்கள். தில்லைநாதன்தான் தொண்டையைக் கனைத்தார். "சார், எனக்குச் சங்கீதம் தெரியாது. ஆனா மாடிப்படி ஏறும்போது ஒரு படி கொறையிற மாதிரி இருக்கு."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். விளக்கினால் பொறியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பொறியைச் சொன்னால் திருடன் உஷாராவான். தில்லைநாதனைத் தனியாகக் கீழே மண்டிக்கு அழைத்துப் போனேன். அவரும் கூட்டு என்றுதான் நினைத்திருந்தேன். ஆனால் கெட்டுப்போன இசைக்கு முகம் சுளித்த விதத்தில் அவர் மட்டும் அப்பாவியாகத் தெரிந்தார்.

"இந்தப் படத்தோட ட்யூன் வெளியே போயிடுச்சுங்க. ஏற்கெனவே ஒரு சீரியல்ல வருது. லூர்து மேலதான் சந்தேகம். யார்னு தெரியறவரைக்கும் டைட்டில்ல எந்தப் பேரும் போடாதீங்க."

அவர் ஒரு மூட்டைமேல் உட்கார்ந்தார். "அப்ப இது வேற எடத்துலேர்ந்து வந்த ட்யூனா?"

"இல்லிங்க, என்கிட்டேர்ந்து அங்க போனது."

"அங்க மொதல்ல வந்துடுச்சி இல்ல?"

"வந்தது."

"சரி" என்றார். மண்டிக்காரர் "சரி" என்றால் என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியவில்லை.

20 ஏப்ரல்

லூர்து வந்தான். வண்டியை ஸ்டாண்ட் போடாமல் சுவரில் சாய்த்துவிட்டு வந்தான்.

"செம்பியன் சாரு போன் பண்ணாரு. என்னைத் திருடன்னு சொன்னியாமே?"

இத்தனை வருடத்தில் முதல் முறையாக "நீ" என்றான். மாமா என்றும் சொல்லவில்லை.

"மாப்ள, உக்காரு. சீரியல்ல —"

"தெரியும், நானும் பாத்தேன். பாத்தன்னைக்கே உன்கிட்ட சொல்லலாம்னு இருந்தேன், நீதான் என்னைப் போலீசு மாதிரி பாத்துக்கிட்டிருந்தியே. மொத நாளே சொன்னேன் இல்ல, எங்கியோ கேட்ட மாதிரி இருக்குன்னு?"

கீபோர்டை இழுத்துப் போட்டு வாசித்தான். என் வரி. அதன் பிறகு நான் இந்தப் படத்துக்குப் போடாத இன்னொரு வரி. அதன் பிறகு கீழ்ஸ்தாயியில் மெதுவாக ஏறுகிற ஒரு பகுதி. நான் போட்டதுதான். ஒவ்வொரு இடமும் அடுத்து எங்கே திரும்பும் என்று எனக்குத் தெரிந்தது.

"அண்ணனுக்கு ஒரு பேய்ப் படம் பண்ணோமே, வெளிய வராமலே பூட்டி வெச்சிட்டாங்களே, அது. பொண்டாட்டி பேயி பழைய வீட்டு வாசல்ல வந்து நிக்கும். அழுவாத, நின்னாப் போதும்னு நீதான் ஒரு வாரம் ஒக்காந்து போட்ட. வாசிச்சது நான். படம் போச்சி, ட்யூனு அவுங்க ஆபீஸ்லயே கெடந்துச்சி. அந்தக் க்ரியேஷன்ஸு யாருதுன்னு நெனச்ச? அண்ணன் மச்சானுது."

கீபோர்டை அணைத்துவிட்டு என் பக்கம் திரும்பினான்.

"எத்தினி பேருக்கு ஓட்டை சிடி குடுத்த?"

"மூணு."

"சாமி" என்று தலையில் கை வைத்துக்கொண்டான். சிரிக்கப் போகிறான் என்று நினைத்தேன். எழுந்து போய்விட்டான். மங்கலம் டீயோடு வந்து நின்றாள். வண்டி தெருமுனை தாண்டிவிட்டது.

வாசல்ல நிக்கிறது. ரெண்டுமே வாசல்ல நிக்கிறதுதான். அங்க பேய், இங்க வேலை போன ஆளு. எனக்கு எப்படி மறந்துச்சு? நானே போட்டதாச்சே. பேர் வராத எதையும் ஞாபகம் வெச்சிக்கறதில்லன்னு பழகிட்டேனா?

21 ஏப்ரல்

மங்கலம் அந்த டீயை ஆறவைத்துத் தானே குடித்தாள். காலையில் சொன்னாள். டைட்டிலில் இசைக்கு ஒதுக்குகிற கார்டில் அந்தப் புள்ள பேரும் என் பேரும் சேர்ந்து வருவதாக இருந்ததாம். லூர்துதான் வேண்டாம் என்றானாம். மாமா பேர் தனி கார்டில், முழுத் திரையில், அது ஒன்று மட்டும் வர வேண்டும். தன் பேர் எங்கேயும் வேண்டாம். என்னிடம் சொன்னால் நான் மறுப்பேன் என்று செம்பியனிடமே பேசி முடித்தானாம். ஆற்றுத் திருவிழாவன்று ராட்டினத்துக்குப் பின்னாலிருந்து பேசியதும் செம்பியனோடு இதைத்தானாம்.

"என்கிட்ட இனிஷியல் கேட்டாங்க. கோ.வா, கே.யான்னு. தமிழ்ல கோ.ன்னு போடச் சொன்னேன்."

"என்கிட்ட ஏன் சொல்லல?"

"சொல்ற மாதிரியா இருந்தீங்க? ரசம் ஊத்துனாக்கூட யாரு குடுத்துவுட்டதுன்னு பாத்தீங்க."

23 ஏப்ரல்

சிதம்பரம் போனேன். லூர்து போன் எடுக்கவில்லை, தனியாகத்தான் போனேன். மண்டியில் நெல் வந்திறங்கும் நேரம். மூட்டைகளுக்கு நடுவில் நின்றபடியே தில்லைநாதனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பேய்ப் படம், மூன்று சிடி, லூர்து மேல் தவறில்லை, சரியான வடிவத்தை ஒரே வாரத்தில் போட்டுக் கொடுத்துவிடலாம், ட்யூன் என்னுடையதுதான்.

பொறுமையாகக் கேட்டார்.

"நீங்க போட்டதுதான் சார், இல்லங்கல. ஆனா போட்டு வித்தாச்சே. போன வாரம் கல்லு இருக்குன்னு நீங்களே மூட்டைய அவுத்துக் காட்னீங்க. இந்த வாரம் கல்லு நல்ல கல்லுதான்றீங்க. நான் எப்பிடி எறக்குறது?"

"ட்யூனை மாத்திடறேன்."

"மாத்திக்கலாம். அது அண்ணன் ஆபீஸ்ல பேசிட்டேன்." கொஞ்சம் சங்கடப்பட்டு வேட்டியைச் சரிசெய்துகொண்டார். "அந்தச் சீரியல் யாருதுன்னு விசாரிச்சி, பயந்துட்டுத்தான் போன் பண்ணேன், தப்பா நெனச்சிக்காதீங்க. கேஸு கீஸு வேணாம், புதுசா நாங்களே போட்டுத் தர்றோம், அண்ணன் பேரைப் போட்டுக்கங்கன்னாங்க. இதைக் கேட்டதும் ஆறு மாசமா போன எடுக்காத டிஸ்டிரிபியூட்டரு வூட்டுக்கே வந்துட்டாரு."

மூட்டையோடு வந்த கூலிக்காரர்கள் வழி விடச் சொன்னார்கள். வழி விட்டேன்.

30 ஏப்ரல்

செம்பியன் போனில் அழுதார். அழும்போது பின்னணியில் ஒன்றும் இல்லாமல் கேட்பதற்கு விநோதமாக இருந்தது. "நான் சண்டை போட்டேன் சார். படம் வெளிய வரணுமா வேணாமான்னு கேட்டாரு. நான் என்ன பதில் சொல்லட்டும் சார்?" வரணும் என்று சொல்லுங்கள் என்றேன்.

14 மே

லூர்து வரவில்லை. கீபோர்டின் மேல் பழைய புடவை ஒன்று போர்த்தியிருக்கிறது. மங்கலம் போர்த்தினாளாம். கேட்காமல் விட்டிருக்கலாம்.

6 ஜூன்

ஞாயிறு. முதுநகர் மாதா கோயில் வரை போய், வெளியே நின்று கேட்டேன். உள்ளே அவன்தான் வாசித்துக்கொண்டிருந்தான். அந்தக் கை தெரியும். கூட்டம் வெளியே வரத் தொடங்கியதும் ஷேர் ஆட்டோ பிடித்து வந்துவிட்டேன்.

5 ஜூலை, திங்கள்

அண்ணன் அலுவலகத்திலிருந்து மேனேஜர் பேசினார். அவசர வேலை, சிதம்பரத்துப் பார்ட்டி, பாட்டு கிடையாது, பின்னணி மட்டும். "உங்களுக்குத் தெரிஞ்ச படம்தான் சார், சீக்கிரம் முடிஞ்சிடும்" என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். வேறு யாரிடமாவது போனால் அந்த வாசல் காட்சிக்கு என்ன போடுவார்கள்? சோகம் என்றால் ஷெனாய் என்று இருக்கிறார்கள். மாலையில் கூப்பிட்டுச் சரி என்றேன்.

9 ஜூலை

கூரியரில் ஹார்ட் டிஸ்க் வந்தது. வசனமும் காற்றுச் சத்தமும் மட்டும்; இசையெல்லாம் எடுத்தாகிவிட்டது. சில காட்சிகளில் மட்டும் மாதிரிக்காகச் செம்பியன் இசை ஒட்டியிருக்கிறார். இந்த மாதிரி வேண்டும் என்று காட்ட யாருடையதையாவது தற்காலிகமாக வைத்து அனுப்புவது இயக்குநர்கள் வழக்கம். ஒட்டியிருப்பது நான் போட்டு லூர்து வாசித்தது. கூடவே மேனேஜரின் குறிப்பு ஒன்று: இதே உணர்வு வேண்டும், இது இருக்கக் கூடாது.

லூர்துவுக்குப் போன் செய்தேன். மணி அடித்து நின்றது. கீபோர்டு வாசிக்கப் பாண்டிச்சேரியிலிருந்து ஒருவரை வரச் சொல்லியிருக்கிறேன்.

16 ஜூலை

முதல் ரீலை வேறு ராகத்தில் போட்டு அனுப்பினேன். அண்ணன் கேட்டுவிட்டு, நன்றாக வந்திருக்கிறது என்றாராம்.